அழித்தது அழிந்துவிட்டதாகுமா?

(விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் நடந்த இரண்டு கூட்டங்களில் நாம் பேசியதன் சாரம்)



இன்று நாம் பேச எடுத்துக் கொண்ட விஷயம் உங்களில் சிலருக்கு வேடிக்கையாகத் தோன்றலாம். கம்ப்யூட்டரிலும் செல்போனிலும் தொலைந்துபோன பைல்களை மீட்பது எப்படி என்பதைப் பற்றி நம்மைப் போன்றவர்கள் மேடையேறிப் பேசுவானேன், அதற்கென்று கடைக்காரர்கள் இல்லையா என்று கேட்பீர்கள். நாம் கல்லூரிக்குப் போய் இதைப் படித்தவரல்ல. புத்தகத்தைப் பார்த்தும், தெரிந்தவர்களைக் கேட்டும், பழைய டிஸ்குகளை வைத்துக் கொண்டு செய்து பார்த்தும் தெரிந்து கொண்டதைத்தான் சொல்லப் போகிறோம். என்றாலும் இதைப் பேச வேண்டிய அவசியம் இருக்கிறதென்றே கருதுகிறோம்.

ஏனெனில், இன்றைக்கு ஒரு குடும்பத்தின் கல்யாணப் படம், பிள்ளையின் மார்க் ஷீட்டு, நிலப் பத்திரத்தின் நகல், கடையின் கணக்கு, இறந்துபோன தாயின் குரல் ஆகிய எல்லாம் விரல் நகத்தளவுள்ள ஒரு சில்லுக்குள் அடங்கிக் கிடக்கின்றன. அது ஒருநாள் காணாமற் போனால் நம் ஜனங்கள் இரண்டில் ஒன்றைச் செய்கிறார்கள். "எல்லாம் தலையெழுத்து, போனது போனதுதான்" என்று தலையில் கையை வைத்துக் கொள்ளுகிறார்கள். அல்லது "எப்படியாவது எடுத்துக் கொடுங்கள் சாமி" என்று எவனோ ஒருவன் கேட்ட பணத்தைக் கொடுத்துவிட்டு, அவன் என்ன செய்கிறான் என்பதுகூடத் தெரியாமல் வாய் பார்த்து நிற்கிறார்கள். இவ்விரண்டும் காரணம் தெரியாமையால் வருகிற கஷ்டமே ஒழிய வேறில்லை.

இந்த ஜில்லாக்காரர்களாகிய உங்களுக்கு இதை விவரித்துச் சொல்ல வேண்டியதில்லை. 2024-ம் வருஷம் நவம்பர் 30-ந் தேதி இரவு பெஞ்சல் புயல் புதுச்சேரிக்குப் பக்கத்தில் கரையேறிற்று. மறுநாள் காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில் திண்டிவனத்துக்கு அடுத்த மயிலத்தில் மட்டும் 51 சென்டி மீட்டர் மழை கொட்டிற்று. தென்பெண்ணை கரை புரண்டது. விக்கிரவாண்டிக்கும் முண்டியம்பாக்கத்துக்கும் நடுவே பாலத்தில் தண்ணீர் ஏறியதால் ரயில்கள் நின்றன. ஆடு மாடு போனதையும், பயிர் போனதையும், சுவர் விழுந்ததையும் அதிகாரிகள் வந்து கணக்கெடுத்தார்கள். ஆனால் தெருவோர ஸ்டூடியோக்காரரின் கம்ப்யூட்டருக்குள் இருந்த நூற்றுக்கணக்கான கல்யாணப் படங்களையோ, ஜெராக்ஸ் கடைக்காரரின் பழைய பைல்களையோ, சிறு வியாபாரியின் கடன் கணக்கையோ எந்த அதிகாரி எந்தப் படிவத்தில் எழுதுவார்? அந்த நஷ்டத்துக்கு நிவாரணம் அறிவு ஒன்றுதான்.

அழித்தல் என்பது என்ன?

தோழர்களே! டெலீட் என்ற பொத்தானை அமுக்கினால் பைல் அந்த நிமிஷமே பொசுங்கிப் போய்விடுகிறது என்று அநேகர் நம்புகிறார்கள். இது உண்மையல்ல. கிராமத்தில் நிலம் இருக்கிறது; நிலத்துக்குப் பதிவேடு இருக்கிறது. பதிவேட்டில் ஒருவன் பெயரை அடித்துவிட்டு, "இது காலி நிலம், யாருக்கு வேண்டுமானாலும் கொடுக்கலாம்" என்று எழுதிவிட்டால், நிலத்தில் நிற்கிற பயிர் அன்றைக்கே காய்ந்து போகுமா? வேறொருவன் வந்து ஏர் பூட்டி உழுது விதைக்கிற வரையில் அது அங்கேதான் நிற்கும்.

டிஸ்கிலும் இப்படித்தான். எந்த பைல் எந்த இடத்தில் இருக்கிறது என்பதற்கு அதற்குள் ஒரு பதிவேடு உண்டு. டெலீட் செய்யும்போது பதிவேட்டில் அடையாளம்தான் மாறுகிறதே தவிர, பைல் அதே இடத்தில் கிடக்கிறது. 'குயிக் பார்மட்' என்று செய்கிறார்களே, அது பழைய பதிவேட்டைத் தூரப் போட்டுவிட்டுப் புதுப் பதிவேடு போடுவதாகும். அப்போதும் நிலத்துப் பயிர் பெரும்பாலும் அப்படியே நிற்கும். புதிய பைல் ஒன்று வந்து அதே இடத்தில் எழுதப்பட்டால்தான் பழையது மெய்யாகவே அழியும்.

இந்த ஒரு விஷயம் விளங்கிவிட்டால் மற்றதெல்லாம் தானே விளங்கும். மீட்டுத் தரும் சாப்ட்வேர் என்பதில் மந்திரமுமில்லை, மாயமுமில்லை. அது இரண்டு வழியில் வேலை செய்கிறது. முதல் வழி, பதிவேட்டில் அடிக்கப்பட்ட வரியை உற்றுப் படித்து, அது காட்டுகிற இடத்துக்குப் போய் எடுத்து வருவது. இரண்டாவது வழி, பதிவேடே கெட்டுப் போனால், வயலில் இறங்கி இலையைப் பார்த்து இது கரும்பு, இது மணிலா என்று கண்டுபிடிப்பது போல, ஒவ்வொரு பைலின் தலைப்பையும் பார்த்து இன்னதென்று கண்டுபிடிப்பது. ஒவ்வொரு வகை பைலுக்கும் ஆரம்பத்தில் மாறாத ஒரு முத்திரை உண்டு. பி.டி.எப். பைல் என்றால் சதவீதக் குறியும் அந்த மூன்று எழுத்தும் முதலில் நிற்கும். ஜேபெக் படத்துக்கு வேறு முத்திரை. இரண்டாவது வழியில் எடுத்தால் பைலின் பெயர் கிடைக்காது. துண்டு துண்டாகச் சிதறி எழுதப்பட்டது முழுமையாக வராமலும் போகும். அதற்கு யார் மேலும் குறை சொல்லிப் பயனில்லை.

நாம் செய்ய வேண்டியது என்ன?

முதலாவது, பைல் காணவில்லை என்று தெரிந்த அந்த நிமிஷமே அந்த டிஸ்கையோ மெமரி கார்டையோ உபயோகிப்பதை நிறுத்திவிட வேண்டும். கேமராவில் கல்யாணப் படம் அழிந்துவிட்டது என்று தெரிந்த பிறகும் அதே கார்டில் வரவேற்புப் படத்தை எடுப்பவன், தன் வயலைத் தானே உழுது விடுகிறவனாவான்.

இரண்டாவது, மீட்கும் சாப்ட்வேரை, பைல் தொலைந்த அதே டிஸ்கில் கொண்டுபோய் ஏற்றக் கூடாது. அதுவும் ஓர் உழவுதான். டிஸ்கைக் கழற்றி வேறொரு கம்ப்யூட்டரில் மாட்டிப் பார்க்க வேண்டும். கூடுமானால் முதலில் அந்த டிஸ்க் முழுவதையும் அச்சாக ஒரு நகல் எடுத்துக் கொண்டு, நகலின் மேல்தான் வேலை செய்ய வேண்டும். மீட்டு எடுத்ததையும் இன்னொரு டிஸ்கில்தான் சேமிக்க வேண்டும்.

மூன்றாவது, பணம் கொடுக்கு முன் யோசிக்க வேண்டும். டெஸ்ட்டிஸ்க், போட்டோரெக் என்ற இரண்டு சாப்ட்வேர்கள் இருக்கின்றன. இவற்றை எழுதியவர் கிறிஸ்தோப் கிரெனியே என்கிற பிரெஞ்சுக்காரர். அவர் அவற்றைப் பூட்டி வைக்காமல், யார் வேண்டுமானாலும் இலவசமாக உபயோகிக்கவும், உள்ளே எழுதியிருப்பதைப் படிக்கவும், திருத்தவும் உரிமை கொடுத்து உலகத்துக்கு விட்டிருக்கிறார். டெஸ்ட்டிஸ்க் கெட்ட பதிவேட்டைச் சரி செய்வது. போட்டோரெக் நாம் மேலே சொன்ன இலை பார்க்கும் வேலையைச் செய்வது. ரெகுவா என்று இன்னொன்று உண்டு. அதிலும் இலவசப் பதிப்பு இருக்கிறது. விலைக்கு விற்கிறவற்றில் பல, அகப்பட்ட பைல்களின் பட்டியலை இனாமாகக் காட்டிவிட்டு, எடுத்துக் கொள்ளுவதற்கு மட்டும் பணம் கேட்கும். பட்டியலில் பெயர் தெரிந்தால் மட்டும் போதாது. படம் திறந்து முகம் தெரிகிறதா என்று பார்த்த பிறகே காசை அவிழ்க்க வேண்டும். விலைக்கு விற்பதை 'கிராக்' என்ற பேரில் திருட்டுப் பதிப்பாக இறக்குகிறவர்கள், மீட்கப் போன இடத்தில் வைரஸை வீட்டுக்கு அழைத்து வருகிறார்கள்.

இதைச் சொல்லுவதால் கடைக்காரர்கள் எல்லோரும் ஏமாற்றுக்காரர்கள் என்பது நம் அபிப்பிராயமல்ல. உழைத்துக் கற்று நாணயமாகத் தொழில் செய்கிறவர்கள் இந்த ஊர்களிலேயே இருக்கிறார்கள். அவர்கள் கூலி கேட்பது நியாயமே. ஆனால், "உனக்குப் புரியாது, நீ பணத்தை மட்டும் வை" என்று சொல்லுகிறவன் எவனாயிருந்தாலும் அவனிடத்தில் சந்தேகம் கொள்ளுங்கள். மற்றவனுக்குப் புரியாமல் இருப்பதே தனக்கு வருமானம் என்று வாழ்ந்த கூட்டம் இந்த நாட்டுக்குப் புதிதல்ல.

எங்கே முடியாது?

முடியாததையும் சொல்லாவிட்டால் நாமும் பொய்ச் சத்தியம் செய்கிறவராவோம். இப்போது வருகிற எஸ்.எஸ்.டி. என்னும் டிஸ்குகளில், பதிவேட்டில் பெயர் அடிபட்ட உடனே, அந்த நிலத்தைத் துப்புரவாக்கி வைக்கும்படி கம்ப்யூட்டரே கட்டளையிட்டு விடுகிறது. அதற்கு 'ட்ரிம்' என்று பெயர். அப்படித் துப்புரவான பிறகு எந்த சாப்ட்வேரும் பயன்படாது. இக்காலத்துச் செல்போன்களில் உள்ளே இருப்பதெல்லாம் ரகசிய எழுத்தாகப் பூட்டப்பட்டிருக்கிறது. 'பேக்டரி ரீசெட்' செய்தால் அந்தப் பூட்டின் சாவியே தொலைகிறது. ஆகையால் செல்போனில் தொலைந்ததற்கு முதலில் பார்க்க வேண்டிய இடம், அதிலேயே உள்ள குப்பைக் கூடை. பிறகு கூகுளிலோ வாட்ஸ்அப்பிலோ முன்னமே எடுத்து வைத்த நகல் இருக்கிறதா என்பது. குப்பைக் கூடைக்கும் கெடு உண்டு; சில வாரங்களில் அது தானே காலியாகிவிடும்.

டிஸ்கிலிருந்து 'டக், டக்' என்று சத்தம் வந்தால் அது பதிவேட்டுக் கோளாறு அல்ல, இயந்திரக் கோளாறு. அங்கே சாப்ட்வேரை ஓட்டுவது, கால் முறிந்தவனை ஓடச் சொல்லுவதற்குச் சமானம். உள்ளே சுழலும் தட்டுக்கும் அதைப் படிக்கும் முனைக்கும் உள்ள இடைவெளி தலைமயிரின் கனத்தில் பல ஆயிரத்தில் ஒரு பங்கு. ஒரு தூசி போதும் கெடுப்பதற்கு. உடனே மின்சாரத்தை நிறுத்திவிட்டு, தூசியில்லாத அறை வைத்திருக்கும் நிபுணர்களிடம்தான் கொடுக்க வேண்டும். வெள்ளத்தில் நனைந்த டிஸ்கும் இப்படியே. வேலை செய்கிறதா என்று மின்சாரம் கொடுத்துப் பார்ப்பதும், வெயிலில் காயப் போடுவதும், அரிசியில் புதைப்பதும் கெடுதலே. சேற்றுத் தண்ணீர் உள்ளேயே காய்ந்தால் தட்டில் அப்பிக் கொள்ளும். ஈரத்தோடேயே பையில் கட்டிக் கொடுப்பது மேல்.

நம்பிக்கை இழக்க வேண்டாம் என்பதற்கு ஓர் உதாரணம் சொல்லுகிறோம். 2003-ம் வருஷம் பிப்ரவரி முதல் தேதி கொலம்பியா என்ற விண்கலம் பூமிக்குத் திரும்பும்போது வானத்திலேயே சிதறிற்று. நம் நாட்டில் பிறந்த கல்பனா சாவ்லா உள்பட 7 பேர் மாண்டார்கள். அதிலிருந்த ஒரு டிஸ்க் எரிந்து உருக்குலைந்து வானத்திலிருந்து விழுந்து, பல மாதங்களுக்குப் பிறகு அமெரிக்காவில் வற்றிப்போன ஓர் ஏரிப் படுகையில் கண்டெடுக்கப்பட்டது. பார்த்தவர்கள் அதைக் கருகிய இரும்புக் கட்டி என்றே எண்ணினார்கள். ஆனால் நிபுணர்கள் தட்டுகளை எடுத்துச் சுத்தம் செய்து, வேறொரு டிஸ்கில் மாட்டி, அதிலிருந்ததில் சுமார் 99 சதவீதத்தை மீட்டார்கள். அந்த ஆராய்ச்சியின் முடிவு 2008-ம் வருஷம் விஞ்ஞானப் பத்திரிகையில் வெளிவந்தது. அதே கலத்திலிருந்த வேறு இரண்டு டிஸ்குகளிலிருந்து ஒன்றும் கிடைக்கவில்லை. கிடைத்ததற்கும் காரணம் உண்டு, கிடைக்காததற்கும் காரணம் உண்டு. தட்டு தப்பியது எது, சிதைந்தது எது என்பதுதான் காரணம். புண்ணியமும் பாவமும் அல்ல.

தாய்மார்களுக்கு ஒரு வார்த்தை

அழித்தது அழியவில்லை என்பது ஒரு பக்கம் நன்மை, மறுபக்கம் ஆபத்து. இதைத் தாய்மார்கள் முக்கியமாகக் கவனிக்க வேண்டும். பழைய கம்ப்யூட்டரையோ, மெமரி கார்டையோ விற்கும்போதும், ரிப்பேருக்குக் கொடுக்கும்போதும், படங்களை டெலீட் செய்துவிட்டோமே என்று தைரியமாகக் கொடுத்து விடுகிறோம். நாம் மேலே சொன்ன அதே சாப்ட்வேரைக் கொண்டு அயோக்கியன் ஒருவன் அவற்றை எடுக்க முடியாதா? கார்டைக் கழற்றிக் கையில் வைத்துக் கொண்டு போனை மட்டும் கொடுங்கள். கம்ப்யூட்டர் டிஸ்கை விற்பதானால் 'குயிக் பார்மட்' போதாது. முழு பார்மட் செய்து எல்லா இடத்திலும் எழுதி மூட வேண்டும். செல்போனை விற்பதானால் 'பேக்டரி ரீசெட்' செய்யாமல் கொடுக்காதீர்கள்.

அப்படியும் ஒருவன் படத்தை வைத்துக் கொண்டு மிரட்டினால், "மானம் போச்சே" என்று கிணற்றைப் பார்க்க வேண்டியது அந்தப் பெண்ணல்ல. மானங்கெட்டவன் திருடியவனே ஒழியத் திருடப்பட்டவளல்ல. போலீசில் புகார் கொடுங்கள். சைபர் குற்றங்களுக்கு 1930 என்ற எண் இருக்கிறது. வீட்டிலுள்ள ஆண்களும் அவளைக் கேள்வி கேட்பதை விட்டு, அவளுக்குத் துணையாக நிற்க வேண்டும்.

பூஜையும் நகலும்

பைலைத் திருடாமல், இருந்த இடத்திலேயே பூட்டிவிட்டுச் சாவிக்குப் பணம் கேட்கிற கொள்ளையும் இக்காலத்தில் உண்டு. 2017-ம் வருஷம் மே மாதம் 'வான்னாகிரை' என்ற பேரில் அது 150-க்கு மேற்பட்ட தேசங்களில் பரவிற்று. திருப்பதி தேவஸ்தானத்தின் சில கம்ப்யூட்டர்களும் அதில் அகப்பட்டன. அந்த ஓட்டையை அடைக்கும் திருத்தத்தை மைக்ரோசாப்ட் கம்பெனி மார்ச்சு மாதத்திலேயே வெளியிட்டிருந்தது. திருத்தத்தைப் போடாதவர்களும், காலங்கடந்த பதிப்பை வைத்திருந்தவர்களும் மாட்டிக் கொண்டார்கள். ஏழு மலைக்கு மேல் இருந்தாலும் சரி, ஏரிக்கரையில் இருந்தாலும் சரி, கம்ப்யூட்டருக்குச் சட்டம் ஒன்றுதான். இப்படிப் பூட்டியதை மீட்கும் சாப்ட்வேரால் திறக்க முடியாது. சிலவகைப் பூட்டுக்கு மட்டும், 2016-ல் நெதர்லாந்து போலீசாரும் ஐரோப்பியப் போலீசாரும் வேறு சிலருமாகச் சேர்ந்து ஆரம்பித்த 'நோ மோர் ரான்சம்' என்ற ஏற்பாட்டில் இலவசச் சாவி கிடைக்கும். கொள்ளைக்காரனுக்குப் பணம் கொடுத்தாலும் அவன் சாவி தருவான் என்பது நிச்சயமில்லை.

நம்மவர்களோ வருஷத்துக்கு ஒருநாள் கம்ப்யூட்டருக்குச் சந்தனம் பூசி, குங்குமம் வைத்து, பொரி கடலை படைக்கிறார்கள். வருஷத்துக்கு ஒருநாள் அதிலுள்ளதை நகல் எடுத்து வைக்கிறவர்கள் எத்தனை பேர்? அந்தப் பூஜைக்குச் செலவாகும் நேரத்தில் பாதியைச் செலவிட்டால் ஒரு வருஷத்துக் கணக்கும் காப்பாற்றப்பட்டு விடுமே!

நகல் இல்லாததால் நாம் இழந்தது கொஞ்சமா? ஓலைச் சுவடிகளை ஆடிப் பதினெட்டில் ஆற்றில் விட்டால் புண்ணியம் என்று விட்டார்கள். கரிவலம்வந்தநல்லூர்க் கோவிலில் இருந்த ஏடுகளை நெய்யில் தோய்த்து நெருப்பில் போட்டுவிட்டார்கள் என்பதை, ஏடு தேடிப் போன உ. வே. சாமிநாதய்யரே தமது சரித்திரத்தில் எழுதியிருக்கிறார். 1981-ம் வருஷம் மே கடைசி நாள் இரவில் தொடங்கி யாழ்ப்பாணம் நூல்நிலையம் கொளுத்தப்பட்டபோது சுமார் 97,000 புத்தகங்களும் சுவடிகளும் சாம்பலாயின. அவற்றில் வேறெங்கும் நகல் இல்லாதவை இன்றளவும் இல்லாதவையே. எரிந்த ஓலையை மீட்க எந்த சாப்ட்வேர் இருக்கிறது? பிறகுதான் இலங்கைத் தமிழ் நூல்களைப் படம் பிடித்து உலகமெல்லாம் பார்க்கும்படி வைக்கும் நூலகம் என்ற முயற்சி 2005-ல் ஆரம்பமாயிற்று. ஒரே இடத்தில் ஒரே பிரதியாக இருப்பதுதான் எல்லா அழிவுக்கும் வாசல் என்பதை நாம் நெருப்பில் கற்றோம், வெள்ளத்திலும் கற்றோம்.

ஆகையால் இதற்கு ஒரு சுலபமான கணக்கைச் சொல்லுகிறோம். பீட்டர் குரோக் என்ற அமெரிக்கப் புகைப்படக்காரர் பரப்பிய கணக்கு அது. முக்கியமான எதற்கும் 3 பிரதி. அவை 2 விதமான சாதனத்தில். அவற்றில் 1 வேறு ஊரில். வேறு ஊர் என்றவுடன் விழுப்புரத்துக்காரர் திண்டிவனத்து மாமன் வீட்டில் வைத்தால் போதுமென்று நினைக்கலாம். அதே புயல் இரண்டு ஊரையும் நனைத்ததை மறக்கக் கூடாது. இன்னும் தூரத்து ஊரிலோ, இன்டர்நெட்டில் 'கிளவுட்' என்கிற இடத்திலோ வையுங்கள். சர்க்காரின் டிஜிலாக்கர் 2015 முதல் இருக்கிறது. அதில் கிடைக்கும் சான்றிதழ்களை எடுத்துப் போட்டு வையுங்கள். நகல் எடுத்தால் மட்டும் போதாது. ஆறு மாதத்துக்கு ஒருமுறை அதைத் திறந்தும் பாருங்கள். திறக்காத நகல் எண்ணிப் பார்க்காத பணம் போன்றது.

இந்த ஊர்களில் படித்த வாலிபர்களுக்கு ஒரு வேண்டுகோள். வாரத்துக்கு ஒரு சாயங்காலம் ஏதாவது ஒரு படிப்பகத்தில் உட்கார்ந்து, வருகிறவர்களுக்கு இதைச் செய்து காட்டுங்கள். மறைத்துச் செய்யாதீர்கள், திரையைத் திருப்பி வைத்து, அவர்கள் கண்முன் செய்யுங்கள். அடுத்த தடவை அவர்களே செய்து கொள்ளட்டும். தெரிந்தவன் தெரியாதவனை அடிமையாக வைப்பதற்கல்ல, தன்னைப் போல் ஆக்குவதற்குத்தான் அறிவு.

தோழர்களே! நாம் சொன்னதாலேயே இவற்றை நம்பிவிட வேண்டாம். வீட்டுக்குப் போனதும் உதவாத ஒரு பென் டிரைவை எடுங்கள். அதில் ஒரு படத்தைப் போட்டு அழியுங்கள். பிறகு போட்டோரெக்கை ஓட்டிப் பாருங்கள். வந்தால் ஏன் வந்தது, வராவிட்டால் ஏன் வரவில்லை என்று யோசியுங்கள். உங்கள் கண்ணும் புத்தியும் சரியென்று சொன்னால் ஏற்றுக் கொள்ளுங்கள், இல்லையென்றால் தள்ளிவிடுங்கள்.